பாட்டு ஓடும் நாலு நிமிடம்

மகன், முதலில் ஸலாம். சண்டையைப் பிறகு வைத்துக்கொள்வோம். இந்தக் கடிதத்தை மதுரங்குளி ரிஸ்வான் கையில் கொடுத்து விடுகிறேன். உன்னோடு ஒரே அறையில் இருக்கிறவன்தானே, லீவு முடிந்து வியாழக்கிழமை கத்தாருக்குத் திரும்புகிறானாம். "வாட்ஸ்அப்பில அனுப்பினா இப்பவே போயிருமே மாமி" என்று சிரித்தான். போகும், நீயும் கட்டைவிரலைத் தூக்கி ஒரு படம் அனுப்பிவிட்டு அடுத்த வேலையைப் பார்ப்பாய். கடதாசியில் எழுதினால் அது முடியாது. வாசித்துத்தான் தீர வேண்டும்.

ரிஸ்வான் நல்ல பிள்ளை, ஆனால் வாய் நிற்காது. போன ஞாயிறு பேரீச்சம்பழமும் சவர்க்காரமும் கொண்டு வந்தான். கதிரையில் உட்கார்ந்து தேத்தண்ணியில் ஒரு வாய் குடித்துவிட்டு, "அஸ்லமுக்குத் தையல் காஞ்சிட்டுதாமா மாமி?" என்று கேட்டான். "என்ன தையல்?" என்றேன். அவனுடைய முகம் செத்துப் போய்விட்டது. பிறகு ஒவ்வொன்றாகப் பிடுங்கி எடுத்தேன். குடல்வால் வெடித்ததாம். பதினொரு நாள் ஆஸ்பத்திரியில் கிடந்தாயாம். அந்தப் பதினொரு நாளுக்குள் இரண்டு வெள்ளிக்கிழமை வந்தன. இரண்டிலும் நீ எனக்குக் கோல் எடுத்தாய். "நல்லா இருக்கன் உம்மா, வேலைக்குப் போகப் போறன், வைக்கிறன்" என்றாய். பின்னால் டிக் டிக் என்று ஏதோ சத்தம் வருகிறதே என்று கேட்டேன், நினைவிருக்கிறதா? "மைக்ரோவேவ் உம்மா" என்றாய். பதினாலு வருடமாகக் காதில் ஹெட்போன் மாட்டுகிறவள் நான். மைக்ரோவேவ் அப்படிச் சத்தம் போடாது என்று எனக்குத் தெரியும். தெரிந்தும் விட்டுவிட்டேன்.

அன்றைக்குப் பின்னேரம் முழுக்க உன்னைத் திட்டிக்கொண்டே இருந்தேன். சோறு வடிக்கும்போது திட்டினேன், உடுப்பு மடிக்கும்போது திட்டினேன். உன் வாப்பா கற்பிட்டிக் கருவாட்டு வாடியில் வேலை முடிந்து வந்து, "யாருக்கு இந்த ஏச்சு?" என்று கேட்டார். சொன்னேன். அவர் சட்டையைக் கழற்றிக் கொடியில் போட்டுவிட்டு, "சொல்லாம இருக்க அவனுக்கு யார் பழக்கினது?" என்றார். அவர் என்னைக் குத்திக் காட்டவில்லை, சும்மாதான் கேட்டார். எனக்குத்தான் பதில் தெரியும். அந்தப் பதிலை எழுதத்தான் உட்கார்ந்திருக்கிறேன். அதைச் சொல்ல வேண்டுமென்றால் எங்கள் ரேடியோவின் கதையை முதலிலிருந்து சொல்ல வேண்டும். உனக்குப் பாதி தெரியும். மறுபாதியை நான் யாருக்கும் சொன்னதில்லை.

நாட்டில் சண்டை முடிந்த மறு வருடம் புத்தளம் டவுனில் தேங்காய்த் தும்புக் கடைக்கு மேல்மாடியில் அந்த நிலையத்தைத் தொடங்கினார்கள். பாட்டு மட்டும் போடுகிற சின்ன எப்.எம். அதற்கு நல்ல பெயர் ஒன்று வைத்தார்கள். சனங்கள் ஒருநாளும் அந்தப் பெயரைச் சொல்லவில்லை, "தும்புக்கடை ரேடியோ" என்றுதான் சொன்னார்கள். அதிலும் ஒரு நியாயம் இருந்தது. சத்தம் எதிரொலிக்காமலிருக்கச் சுவர் முழுக்கக் கீழ்க்கடையின் தும்பு மெத்தைகளைத்தான் அறைந்திருந்தார்கள். மழைக்காலத்தில் அந்த அறை நனைந்த கயிறு மாதிரி மணக்கும். மெஷின்களைப் பார்த்தவர் அன்ரன் அண்ணன். சண்டைக் காலத்தில் வன்னியிலிருந்து வந்து இங்கேயே தங்கிவிட்ட மனிசன். உப்புக்காற்று அன்டனாவின் இணைப்புகளைத் தின்றுவிடும் என்று மாதம் ஒருமுறை கம்பத்தில் ஏறித் துடைப்பார். இறங்கி வந்து, "உப்பளத்துக்குப் பக்கத்தில ரேடியோ வச்சவனைக் கையெடுத்துக் கும்பிட வேணும்" என்று முறைப்பாடு சொல்வார். பாங்கு சொல்லும் நேரம் பாட்டை நிறுத்துவதும் அவர்தான். நான் மறந்தாலும் அவர் மறந்ததில்லை. அவருடைய பெரிய வெள்ளியன்று நான் காலையிலிருந்து பாட்டே போடமாட்டேன்.

அறிவிப்பாளர் வேலைக்கு ஆள் தேவை என்று கேள்விப்பட்டு நானாகத்தான் போனேன். பதினாலு வயதில் ஊரோடு துரத்தப்பட்டு மன்னாரிலிருந்து ஒரு பையோடு தோணியில் வந்தவள். கரைத்தீவு அகதி முகாமில் கிடுகுக் கொட்டிலில் படித்து, கிடுகுக் கொட்டிலிலேயே கலியாணம் முடித்தவள். எனக்கென்று இருந்த ஒரே சொத்து என்னுடைய குரல்தான் என்று எனக்குத் தெரியும். மனேஜர் ஸேர் ஒரு தாளைத் தந்து வாசிக்கச் சொன்னார். வாசித்தேன். "நாளைக்கே வாங்க" என்றார். உன் வாப்பா ஒரு நாள் முழுக்க யோசித்துவிட்டு, "போ, ஆனா பேர் வெளிய வரப்படாது, ஆக்கள் கதைப்பாங்க" என்றார். அவ்வளவுதான் அவர் சொன்னது. மனேஜர் ஸேர் எனக்கு நிலானி என்று பெயர் வைத்தார். எந்த ஊர், எந்தச் சாதி, எந்த மதம் என்று யாராலும் பிடிக்க முடியாத பெயர். பக்கத்து வீடுகளில் டவுனில் டைப்பிங் வேலை என்று சொன்னோம். உனக்கு அப்போது எட்டு வயது. உன்னை மடியில் இருத்தி, "உம்மா ரேடியோவில பேசுறது வீட்டுக்குள்ள மட்டும்தான் தெரிய வேணும். யார் கேட்டாலும் பேர் சொல்லக் கூடாது" என்று சத்தியம் வாங்கினேன். நீ இரண்டு கையாலும் வாயைப் பொத்திக் காட்டினாய்.

இங்கே ஒரு உண்மையைச் சொல்லிவிடுகிறேன் மகன். வாப்பா சொன்னதற்காக மட்டும் நான் பெயரை மறைக்கவில்லை. எனக்கு நிலானியாக இருக்கப் பிடித்திருந்தது. செருப்பைக் கழற்றி வாசலில் விட்டுவிட்டு அந்தத் தும்பு அறைக்குள் போனால், நான் அகதி இல்லை, வாளியோடு தண்ணீர் பவுசருக்குக் காத்திருந்தவள் இல்லை, யாருடைய மருமகளும் இல்லை. "உம்மா" என்ற சொல்லைக்கூட வாசலில் விட்டுவிட்டு "அம்மா" என்பேன். களப்பில் இறால் பிடிக்கிறவர்கள் தோணியில் கேட்டார்கள். உப்பளத்துப் பெண்கள் கேட்டார்கள். சிலாபப் பக்கத்துச் சிங்கள ஆட்கள்கூட அரைகுறைத் தமிழில் பாட்டுக் கேட்பார்கள். ஒருமுறை நம் பக்கத்து வீட்டு சித்தி ராத்தா என்னிடமே, "அந்த நிலானிட குரலைக் கேட்டா வயிறு நிறையுது புள்ள, ஒனக்கும் கொஞ்சம் அப்படித்தான் ஈக்கி, ஆனா அவ படிச்சவ" என்றா. எனக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. குசினிக்குள் ஓடிப்போய் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டேன். அவ்வளவு சந்தோசம் எனக்கு.

காலை பத்து மணிக்கு என் நிகழ்ச்சி. போன் எடுக்கிறவர்களிடம் மூன்று கேள்வி கேட்பேன். யார் பேசுறீங்க, எந்த ஊர், யாருக்காகப் பாட்டு. மூன்றாவதுக்குப் பெயர் கட்டாயம். அந்தச் சட்டம் எப்படி வந்தது என்று சொன்னால் நீ சிரிப்பாய். தொடங்கிய புதிதில் ஒரு பொடியன் எடுத்து, "தில்லையடியில நீலக் கேட் வீட்டுக்கு ஒரு பாட்டு" என்றான். நானும் விளங்காமல் அப்படியே சொல்லிப் போட்டுவிட்டேன். தில்லையடியில் நீலக் கேட் வீடு ஒன்றே ஒன்றுதானாம். லுஹர் தொழுகைக்கு முதல் அந்த வீட்டு அண்ணன்மார் மூன்று பேர் வந்து மாடிப்படியில் நின்றார்கள். மனேஜர் ஸேர் கக்கூசுக்குள் போய்ப் பூட்டிக்கொண்டார். அன்ரன் அண்ணன்தான் பிளேன்டீ கொடுத்து அனுப்பினார். மறுநாள் மைக்குக்கு நேரே ஒரு மட்டை தொங்கியது. "பெயர் சொல்லாமல் பாட்டில்லை."

ஆனால் கேட்கிறவர்களுக்குத் தெரியாத ஒன்று அந்த அறைக்குள் இருந்தது. பாட்டுத் தொடங்கியதும் மைக் மூடிவிடும். போன் லைன் மூடாது. பாட்டு ஓடும் நாலு நிமிடமும் அந்த ஆளும் நானும் கதைத்துக்கொண்டிருப்போம். ஊருக்குக் கேட்பது ஒன்று, எனக்குச் சொல்வது ஒன்று. அந்த வருடங்களில்தான் நம் சனங்கள் கொஞ்சம் கொஞ்சமாக மன்னாருக்கு, முசலிப் பக்கம் திரும்பிப் போனார்கள். கடல் வழியாக நம் பாட்டு அந்தக் கரைவரைக்கும் போகும் என்று தெரிந்ததும், போனவர்கள் இங்கே இருப்பவர்களுக்கும் இங்கே இருப்பவர்கள் அங்கே போனவர்களுக்கும் பாட்டுக் கேட்கத் தொடங்கினார்கள். அப்படித் திரும்பிப் போன ஒரு பெண் கலகலவென்று பேசி, கரைத்தீவில் விட்டுவந்த பக்கத்து வீட்டுக்காரிக்குப் பாட்டுக் கேட்டா. பாட்டுத் தொடங்கிய உடனே குரல் உடைந்து, "தங்கச்சி, இஞ்ச கிணறு தூந்து கிடக்கு. வீடு இருந்த இடத்தில காடு. அவளுக்குச் சொல்லிராதீங்க, பிறகு அவ வரமாட்டா" என்று அழுதா. நாலு நிமிடம் அழுதுவிட்டு மூக்கை உறிஞ்சிக்கொண்டு வைத்துவிட்டா. இப்படி எத்தனை பேர்! வீட்டுக்கு வந்து உனக்குச் சோறு போட்டுக்கொண்டே, பெயர் சொல்லாமல் இந்தக் கதைகளைச் சொல்வேன். "பாட்டுப் போட்டாத்தான் அவங்க உங்களோட கதைக்கலாமா உம்மா?" என்று ஒருநாள் கேட்டாய். ஓம் என்றேன். நீ அதை மனதில் வைத்துக்கொண்டாய் என்று எனக்குத் தெரியாமல் போய்விட்டது.

உனக்குப் பத்து வயது. ஐந்தாம் ஆண்டு ஸ்கொலசிப் பரீட்சை ரிசல்ட் வரப்போகும் கிழமை என்று தெரியும், அன்றைக்கே வரும் என்று தெரியாது. பத்தரை இருக்கும். லைனை எடுத்து, "வணக்கம் நேயரே, யார் பேசுறீங்க?" என்றேன்.

"அஸ்லம்."

அந்தக் குரலிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. வாப்பாவின் பழைய போனிலிருந்து எடுத்திருக்கிறாய். பின்னால் சித்தி ராத்தாவின் கோழிகள் கத்துவதுகூடக் கேட்டது. லைனை வெட்டக் கை போனது. ஆனால் நிலானி வெட்டவில்லை. அவள் வழக்கம்போலக் கேட்டாள், "எங்கயிருந்து அஸ்லம்?"

"கரைத்தீவு."

"யாருக்காகப் பாட்டுக் கேக்குறீங்க?"

"எங்கட உம்மாக்கு. அந்தத் தோணிப் பாட்டு."

உனக்குத் தலை சீவும்போது நான் முணுமுணுக்கிற பாட்டு. அந்த இடத்தில் நான் வாயை மூடியிருக்க வேண்டும். பழக்கதோசம் பார், கேள்வி தானாக வந்தது. "ஆ, அம்மாவுக்கா! அம்மாவின் பெயர் என்ன?"

உன் மூச்சு மட்டும் கேட்டது. பிறகு, மெதுவாக, "பேர் சொல்லக் கூடாது" என்றாய்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அன்ரன் அண்ணன் எழும்பி நின்றார். அவருக்கு விளங்கிவிட்டது. பாட்டை எடுத்து வைத்துவிட்டு, போடு போடு என்று இரண்டு கையாலும் காட்டினார். நான் போடவில்லை. பாட்டைப் போட்டால் லைனில் நீ இருப்பாய், "உம்மா" என்பாய், நான் அந்த அறைக்குள் உம்மாவாகிவிடுவேன். இன்னொரு வார்த்தை பேசவிட்டால் என் பெயரைச் சொல்லிவிடுவாயோ என்றும் பயம். ஆகவே சிரித்தேன். நிலானியின் சிரிப்பு. "பெயர் சொல்லாட்டிப் பாட்டு இல்லையே தம்பி, எங்கட சட்டம் அப்படி. அம்மாக்கிட்டக் கேட்டுட்டுத் திரும்ப எடுங்க, என்ன?" என்று லைனை வெட்டினேன். அடுத்த ஆள் மதுரங்குளியிலிருந்து, மனைவிக்குப் பாட்டுக் கேட்டார். போட்டேன். அந்தப் பாட்டு முடியும்வரை அன்ரன் அண்ணன் என் முகத்தைப் பார்க்கவில்லை.

வீட்டுக்கு வரும்போது உனக்கு மீன் வைத்த மாலுபாண் வாங்கி வந்தேன். ஒழுங்கையிலேயே சித்தி ராத்தா மறித்து, "புள்ள பாஸாகிட்டானாம், பள்ளிக்கூடத்தில அவன் ஒருத்தன்தானாம், ஒனக்குத் தெரியாதா?" என்றா. எனக்குத் தெரியாது. ஊர் முழுக்கத் தெரியும், எனக்குத் தெரியாது. உள்ளே வந்தேன். நீ கட்டிலில் சப்பாத்தோடு உட்கார்ந்திருந்தாய். நான் வாயைத் திறக்கு முன்பே, நான் பயந்துபோயிருப்பேன் என்று எனக்கு ஆறுதல் சொல்வதுபோல, "உம்மா, நான் பேர் சொல்லல்ல" என்றாய். "பாட்டுப் போட்டா அந்த நேரத்தில ரிசல்ட்டைச் சொல்லலாம் எண்டு நினைச்சன்" என்றாய்.

அந்த இடத்தில் உன்னைக் கட்டிப்பிடித்து மன்னிப்புக் கேட்டிருக்க வேண்டும். நான் என்ன சொன்னேன் தெரியுமா? "நல்ல புள்ள" என்றேன். தலையைத் தடவி, "பேர் சொல்லாம இருந்தாயே, நல்ல புள்ள" என்றேன். என் வாயால் எத்தனையோ ஆயிரம் வார்த்தை காற்றில் போயிருக்கிறது. அவற்றில் ஒன்றைத் திரும்ப எடுக்க விட்டால் நான் எடுப்பது அந்த இரண்டு வார்த்தையைத்தான்.

அதற்குப் பிறகு நீ ரேடியோப் பக்கம் போகவில்லை. நான் சோறு போட்டுக்கொண்டு கதை சொன்னாலும் கோப்பையைப் பார்த்துக்கொண்டிருப்பாய். கிரிக்கெட்டில் கை உடைந்தபோது இரண்டு நாள் சட்டைக் கையை இழுத்துவிட்டு மறைத்தாய். ஓ.எல். பரீட்சையில் கணிதம் போனதை வாப்பாவின் கூட்டாளி சொல்லித்தான் அறிந்தோம். கத்தாருக்கு விசா வந்ததைக்கூட உடுப்பை அடுக்கி முடித்த பிறகுதான் சொன்னாய். ஒவ்வொரு முறையும், "இவன் ஏன் இப்படிக் கல்லுப்பிள்ளையார் மாதிரி இருக்கிறான்" என்று அன்ரன் அண்ணனிடம் குறை சொல்வேன். அவர் கம்பத்தில் ஏறப் போய்விடுவார்.

பிறகு நீ போய்விட்டாய். நாலு வருடம். நீ பக்கத்தில் இருந்தபோது கேட்காத கேள்வியெல்லாம் இப்போது வாயில் வந்து நிற்கிறது. மாலுபாண் வாங்கும்போது கை தானாக மூன்று எடுக்கிறது. வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்த நேரத்திலிருந்து போனைக் கையில் வைத்துக்கொண்டு வாசலுக்கும் குசினிக்குமாக நடக்கிறேன். நீ எடுத்தால் நாப்பது செக்கன். "சாப்பிட்டீங்களா உம்மா, மருந்து போட்டீங்களா உம்மா, வைக்கிறன்." நீ வைத்த பிறகும் கொஞ்ச நேரம் காதிலேயே வைத்திருப்பேன். பைத்தியம் என்று சொல், பரவாயில்லை. மகன், உன்னை எனக்குத் தேடுது. அதை இவ்வளவு காலமும் நான் உன்னிடம் சொன்னதில்லை, இப்போது சொல்கிறேன்.

இனி ரேடியோவின் மிச்சக் கதை. முதலாளி அலைவரிசையை விற்றுவிட்டார். அடுத்த மாதத்திலிருந்து கொழும்பில் போடுகிற பாட்டுத்தான் இங்கேயும் வருமாம். போனில் கேட்பதெல்லாம் இல்லை, பெயர் சொல்வதெல்லாம் இல்லை. தும்பு மெத்தைகளைக் கழற்றத் தொடங்கிவிட்டார்கள். வெறும் சுவரில் என் குரல் பட்டுத் திரும்பி வந்து எனக்கே கேட்கிறது. அந்த மட்டை மட்டும் இன்னும் தொங்குகிறது. வருகிற சனிக்கிழமை காலை பத்திலிருந்து பதினொன்று வரை கடைசி நிகழ்ச்சி, அதை என்னையே செய்யச் சொல்லியிருக்கிறார்கள். நேற்று வாப்பாவிடம் போய், "கடைசி நாள், என் சொந்தப் பேரைச் சொல்லிரட்டா?" என்று கேட்டேன். அவர் தூண்டிலைச் சிக்கெடுத்துக்கொண்டே, "நான் சொன்னது அந்த முதல் வருசத்துக்குத்தானே. பிறகு நீ கேக்கவே இல்லையே" என்றார். கேட்டாயா? பதினாலு வருடமாக நான் காவல் காத்தது யாரும் பூட்டாத கதவை. அவரைக் கோபிக்கவும் முடியவில்லை, சிரிக்கவும் முடியவில்லை.

உனக்குப் புத்தி சொல்லும் தகுதி எனக்கு இருக்கிறதா தெரியாது. ஒன்றே ஒன்று சொல்கிறேன். வருத்தம் வந்தால் சொல்லு. நாளைக்கு உனக்கு மனைவி வருவாள், பிள்ளை வரும், அவர்களிடமும் சொல்லு. கேட்கிற ஆள் தாங்கமாட்டாள் என்று நீயாக முடிவெடுக்காதே. தாங்காமல் நான் அழுதால் அழுதுவிட்டுப் போகிறேன், அது என் வேலை. எட்டு வயதில் நான் உன்னிடம் வாங்கிய சத்தியத்தை இந்தக் கடிதத்தோடு திருப்பித் தருகிறேன். அல்லாஹ் எனக்குப் பிழை பொறுக்கட்டும், நீயும் பொறுத்துக்கொள்.

சனிக்கிழமை இங்கே பத்தரை என்றால் அங்கே எட்டு மணி. அன்றைக்கு உனக்கு வேலை இல்லை என்று ரிஸ்வானிடம் கேட்டுவிட்டேன், பொய் சொல்லித் தப்ப முடியாது. அன்ரன் அண்ணன் வெளிநாட்டு வாட்ஸ்அப் அழைப்பையும் லைனில் எடுக்க ஒரு வயரை எங்கேயோ பொருத்தி வைத்திருக்கிறார். தோணிப் பாட்டையும் எடுத்து வைத்துவிட்டார். நான் சொல்லாமலே எடுத்து வைத்தார். அன்றைக்கு "அம்மாக்கிட்டக் கேட்டுட்டுத் திரும்ப எடுங்க" என்று உனக்குச் சொன்னேன் அல்லவா? நீ கேட்டதாக வைத்துக்கொள். உம்மா ஓம் என்று சொல்லிவிட்டேன். திரும்ப எடு.

நான் அதே மூன்று கேள்வியைத்தான் கேட்பேன். கடைசிக் கேள்விக்கு என் பெயரைச் சொல்லு. கரைத்தீவுக்கும் தில்லையடிக்கும் கடலுக்கு அந்தப் பக்கம் முசலிக்கும் கேட்கிற மாதிரி சத்தமாகச் சொல்லு. இந்தக் கடிதத்தில் அந்தப் பெயரை நான் எழுதவில்லை, அதை நீ சொல்லித்தான் நான் கேட்க வேண்டும். சொன்ன பிறகு லைனை வைத்துவிடாதே. பாட்டுத் தொடங்கும். மைக் மூடிவிடும். ஊரில் ஒருவருக்கும் கேட்காது. அந்த நாலு நிமிடத்தில் ஆஸ்பத்திரியில் என்ன நடந்தது என்று எனக்குச் சொல்லு, மகன்.

லைனில் காத்திருக்கும்
உன் உம்மா